கொட்டாய்ப் பாட்டுக்கு நான் போட்ட சொல்

சாயந்திரம் ஆறு மணிக்கு மேல் எனக்குக் கை ஒரு வேலையில் நிற்காது. பால் கறந்துகொண்டிருந்தால் பாதியில் விட்டுவிட்டு மாட்டின் முதுகைத் தடவிக்கொண்டு நிற்பேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தால் முறத்தைக் கீழே வைத்துவிட்டு, எதற்கு வைத்தோம் என்று முறத்தையே பார்ப்பேன். பெருநகரில் எங்கள் வீடு ஊருக்குக் கிழக்குக் கோடி. அதைத் தாண்டினால் வாய்க்கால், வாய்க்காலைத் தாண்டினால் நெல் வயல், வயலுக்கு அந்தப் பக்கம் டூரிங் கொட்டாய். கீற்றுக் கூரை, மணல் தரை, கம்பத்து உச்சியில் குழாய் ஸ்பீக்கர். எழுபதுகளின் ஆரம்பத்தில் அந்தக் கொட்டாய் வந்தது. அன்றைக்குப் பிடித்ததுதான் எனக்கு இந்த வியாதி.

ஆட்டம் தொடங்குவதற்கு முன்னால் அங்கே மூன்று ரிக்கார்டு போடுவார்கள். முதலில் பிள்ளையார் பாட்டு. அதைக் கேட்டதும் படத்துக்குப் போகிறவர்கள் சோற்றை மூடி வைத்துவிட்டுக் கிளம்புவார்கள். இரண்டாவது பாட்டு ஓடும்போது வாய்க்கால் பாலத்தைத் தாண்டியிருக்க வேண்டும். மூன்றாவது முடிந்து மணி அடித்தால் படம். கடிகாரம் இல்லாத வீட்டுக்கெல்லாம் அதுதான் கடிகாரம். அந்த இரண்டாவது பாட்டில்தான் ஆள் குரலே கிடையாது. ஒரு சொல் கிடையாது. ஏதோ ஒரு கம்பி வாத்தியம், ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு வழுக்கி வழுக்கிப் போகும். எழும்பப் பார்க்கும், எழும்பாது, திரும்ப வரும். அறுப்பு முடிந்த காலத்தில் காற்று இந்தப் பக்கம் அடித்தால் எங்கள் தொழுவத்துக்குள்ளேயே யாரோ உட்கார்ந்து வாசிப்பது மாதிரி இருக்கும்.

எங்கள் வீட்டுப் பெண்கள் கொட்டாய்க்குப் போவதில்லை. யாராவது கூப்பிட்டால், "மண்ணுல குந்திக்கினு படம் பாக்கறதுக்கு நானு இன்னா வழியத்தவளா?" என்று கேட்டு அனுப்பிவிடுவேன். என் வீட்டுக்காரர்தான் கட்டுப்பாடு போட்டிருக்கிறார் என்று ஊரில் நினைத்துக்கொண்டார்கள். அவர் பாவம். "உனுக்குப் போவணும்னா போயேம்மே, நானா வாணாம்னேன்?" என்பார். கட்டுப்பாடு நான் எனக்குப் போட்டுக்கொண்டதுதான். நெல்லும் தோட்டமும் உள்ள வீட்டு மருமகள் என்கிற கெத்து அப்போது எனக்கு நிறைய இருந்தது. இப்போதும் குறைவு என்று சொல்ல மாட்டேன்.

அந்தப் பாட்டு ஏன் என்னைப் பிடித்துக்கொண்டது என்று ரொம்ப வருஷம் யோசித்திருக்கிறேன். ரேடியோவில் தமிழ்க் காதல் பாட்டு வந்தால் மாமனார் கனைப்பார், நான் எழுந்து அடுப்பங்கரைக்குப் போய்விடுவேன். பாட்டில் ஒருத்தி வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாளே, அதைப் பெரியவர்களோடு சேர்ந்து எப்படிக் கேட்பது? இந்தப் பாட்டுக்கு யாரும் எழுந்து போக வேண்டியதில்லை. மாமனாரே முழங்காலில் தாளம் போட்டுக்கொண்டு கேட்பார். பாடுகிற பாட்டில் யாராவது ஒரு ஆள் இருக்கிறான், அவனுடைய கஷ்டத்தை அவன் சொல்லுகிறான், நாம் கேட்டுக்கொண்டு வருகிறோம். இதில் ஆளே இல்லை. அறுப்புக்கு முன்னால் காலி பண்ணி, சாணம் போட்டு மெழுகி வைத்த நெல் அறை மாதிரி இருந்தது. என்னிடம் என்ன இருந்ததோ அதைக் கொண்டுபோய் வைத்துக்கொள்ளலாம். என்ன இருந்தது என்றுதான் தெரியவில்லை. அதனால் வாசலுக்கும் கொல்லைக்கும் நடந்துகொண்டே இருப்பேன்.

அது இந்திப் படத்துப் பாட்டு என்று எனக்கு முதல் வருஷமே தெரியும். இதை இங்கேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் இதில்தான் எல்லாம் வந்து நின்றது. உத்திரமேரூரிலிருந்து வளையல்காரம்மா ஒருத்தி மாதத்துக்கு ஒரு தரம் வருவாள், முஸ்லிம் கடைக்காரர் வீட்டு அம்மா. ஒரு நாள் நேரமாகிவிட்டது. என் கையில் வளையல் ஏற்றிக்கொண்டிருக்கும்போது அந்தப் பாட்டு வந்தது. அவள் தானாக அதன்கூடவே இரண்டு வரி வாயில் பாடிவிட்டு, சட்டென்று முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள்.

"இன்னா பாட்டும்மா அது?"

"இந்திப் பாட்டுதான் தாயே. ஆம்பளையும் பொம்பளையும் பாடறது. வாணாம், நானு சொல்ல மாட்டேன்."

நானும் மேலே கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள். கேட்காமல் இருக்கத்தான் எனக்கு ஆசையாக இருந்தது.

கொட்டாய்க்கு ரிக்கார்டு போடுகிற மைக்செட்காரர்தான் எங்கள் அம்மன் கோயில் ஆடித் திருவிழாவுக்கும் மைக்செட் போடுகிறவர். சாமி ரிக்கார்டு அவரிடம் நாலைந்துதான். விடியற்காலையிலிருந்து அதையே திருப்பித் திருப்பிப் போட்டால் ஜனம் திட்டுகிறது என்று, நடுநடுவே இந்தச் சொல்லில்லாத பாட்டையும் போட ஆரம்பித்தார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. "வீணைப் பாட்டு" என்று அதற்குப் பெயர் வந்துவிட்டது. கம்பி, வழுக்கல், சோகம், கோயில்: வீணை இல்லாமல் வேறென்ன? இரண்டு வருஷத்தில் ஊர் முழுக்க அது சாமிப் பாட்டு ஆகிவிட்டது. காலையில் கோயிலில் கேட்டால் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். சாயந்திரம் அதையே கேட்டால் பாலத்தைத் தாண்ட ஓடுவார்கள்.

கோயிலில் வெள்ளிக்கிழமை விளக்கு பூஜை தொடங்கியபோது பெண்கள் பாடுவதற்குப் பாட்டு வேண்டும் என்றார்கள். நான் மூன்றாவதோடு நின்றவள், எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். ஆனால் வாயில் சொல் கட்ட வரும். நடவு நடும்போது கட்டிக் கட்டிப் பழகினது. அந்த வீணைப் பாட்டுக்கு நான் சொல் போட்டேன். அப்போது ஆறாவது படித்துக்கொண்டிருந்த என் பெரிய பெண் நோட்டில் எழுதிக்கொண்டாள்.

வாய்க்கா வரப்பேறி வாடி என் தாயே
வாசல் தெளிச்சு வெச்சேன் வந்து நில்லு தாயே
எந்நேரம் வருவியோ எனக்குத் தெரியாதே
ஏத்தின வெளக்கோட ஏங்கி நிக்கறேன் தாயே

என் பெண்தான் எடுத்துக் கொடுப்பாள், மற்றவர்கள் பின்னால் வாங்கிப் பாடுவார்கள். அவளுக்குக் குரல் நன்றாக இருக்கும். எல்லாரும் கண்ணை மூடிக்கொண்டு பாடுவோம். மற்றவர்கள் அம்மனைத்தான் பார்த்திருப்பார்கள். நான் கண்ணை மூடினால் வயலுக்கு அந்தப் பக்கம்தான் தெரியும்.

இப்படி ஏழெட்டு வருஷம் ஓடியது. பெண்ணுக்குப் பத்தொன்பது முடிந்தது. ஒரு ஆடி வெள்ளிக்குத் திருப்புலிவனத்திலிருந்து வேண்டுதலுக்கு வந்த ஒரு அம்மா, என் பெண் பாடுவதைக் கேட்டுவிட்டு அப்படியே நின்றுவிட்டார். யார் வீட்டுப் பெண் என்று விசாரித்தார். அவருடைய மகன் உத்திரமேரூரில் உரக்கடை வைத்திருந்தான். நல்ல குடும்பம், நிலம் இருக்கிறது, எங்கள் ஜாதி ஜனத்தில் அவர்களைக் கேட்டுத்தான் நாலு பேர் பேசுவார்கள். அந்த வீட்டிலிருந்து அவர்களாகவே கேட்டு வந்தார்கள். நான் தரையில் கால் பாவாமல் நடந்தேன்.

பெண் பார்க்க மூன்று பேர் வந்தார்கள். பையனுடைய அப்பா, அந்த அம்மா, பட்டாளத்தில் இருந்து திரும்பின சித்தப்பா. முதலில் பெரியவர்கள் பார்ப்பார்கள், பிறகுதான் பையன். பஜ்ஜி, காப்பி எல்லாம் ஆயிற்று. அந்த அம்மா என் பெண்ணைக் கையைப் பிடித்துப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டார்.

"அந்த அம்மன் பாட்டைப் பாடும்மா. அதுக்கோசரந்தான் நானு இவ்ளோ தூரம் வந்ததே. உங்க மாமா கேக்கட்டும்."

அவள் தலையைக் குனிந்துகொண்டு பாடினாள். முதல் வரி முடிவதற்குள் சித்தப்பாவின் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது. இரண்டாவது வரியில் தலை ஆடியது. மூன்றாவது வரியில் அவர் என் பெண்ணோடு சேர்ந்து மெதுவாகப் பாடவே ஆரம்பித்துவிட்டார், இந்தியில். என் பெண் நிறுத்திவிட்டாள். அவர் நிறுத்தவில்லை. கண்ணை மூடிக்கொண்டு அந்த வரியை முடித்துவிட்டுத்தான் பார்த்தார்.

"இன்னா அண்ணி அப்பிடிப் பாக்கறீங்க? இது சினிமாப் பாட்டாச்சே. நானு வடக்க இருக்கசொல்ல கேண்டீன்ல தெனம் இதான். காதல் பாட்டு. தோட்டத்துல ரெண்டு பேரும்..."

"சும்மா இருடா" என்றார் பையனுடைய அப்பா. கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தார். என் பக்கம் திரும்பவில்லை, என் வீட்டுக்காரரைப் பார்த்துக் கேட்டார். "பொண்ணு இதெ எங்கங்க கத்துக்கினுச்சு?"

"கோயில் மைக்செட்டுல போடறதுதாங்க" என்று நான் குறுக்கே சொன்னேன். "வீணைப் பாட்டு."

"வீணை இல்லீங்கம்மா, அது கிதார்" என்றார் சித்தப்பா. அவருக்கு எந்தக் கெட்ட எண்ணமும் இல்லை. பழைய நாள் ஞாபகம் வந்த சந்தோஷம், அவ்வளவுதான். ஆனால் அந்த அம்மாவின் முகம் சுருங்கிவிட்டது. பக்தியான பெண் என்று வீட்டில் சொல்லிச் சொல்லி அழைத்து வந்தவர் அவர். புருஷன் முன்னால் அவருக்கு அவமானம். "சொல்லி அனுப்பறோம்" என்று எழுந்தார்கள்.

அவர்கள் போனதும் என் பெண் தட்டுகளை எடுக்காமல் என் எதிரில் வந்து நின்றாள்.

"இது இன்னா பாட்டுன்னு உனுக்குத் தெரியுமாம்மா?"

"எனுக்கு இன்னாடி தெரியும்? நானு படிச்சவளா?"

"நெஜமா தெரியாது?"

"தெரியாது."

அவள் போய் நோட்டை எடுத்துப் பரணில் போட்டாள்.

பத்து நாள் ஆயிற்று. ஒரு தகவலும் இல்லை. நான் வீட்டில் ஒரு இடத்தில் உட்கார்ந்த ஞாபகம் இல்லை. பஸ் வருகிற சத்தம் கேட்டால் வாசலுக்கு வருவேன், சைக்கிள் மணி கேட்டால் வருவேன். ஆறு மணிக்குப் பிள்ளையார் பாட்டு முடிந்து அந்தக் கம்பி இழுக்க ஆரம்பித்தால் என் பெண் எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்வாள். முன்னால் நான் ரேடியோக் காதல் பாட்டுக்கு எழுந்து போன மாதிரி.

பதினோராம் நாள் நானே மைக்செட்காரர் வீட்டுக்குப் போனேன். அவர் ஸ்பீக்கர் குழாய்க்குப் பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தார்.

"அந்தப் பாட்டுத் தட்டைக் காட்டு."

எடுத்து வந்தார். உறையின்மேல் காலண்டரிலிருந்து வெட்டின அம்மன் படம் பசை போட்டு ஒட்டியிருந்தது. ஓரம் தூக்கிக்கொண்டிருந்த இடத்தில் நகத்தால் உரித்தேன். அம்மன் காலுக்குக் கீழே ஒரு பெண்ணின் குடை தெரிந்தது. இன்னும் கொஞ்சம் உரித்தேன். குடைக்குள் ஒரு பையனும் இருந்தான்.

"நீயும் தெரிஞ்சிக்கினுதான் போட்டியா?"

"அம்மா, வார்த்தையே இல்லாத பாட்டுல இன்னா தப்பு கீது? சாமி இன்னா இந்திப் படத்துக்குப் போவுதா, கண்டுபுடிக்க?" சிரித்தவர் என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். பிரஷ்ஷைக் கீழே வைத்தார். "ஒண்ணு சொல்றேன், கோச்சிக்காதீங்க. கொட்டாயில டிக்கெட் கிழிக்கறவர்கிட்ட திருப்புலிவனத்து ஆளு வந்து கேட்டுக்கினு போனாராம். கெயக்குக் கோடி வூட்டுப் பொண்ணு படத்துக்கு வருமா, யார்கூட வரும்னு."

கல்யாணம் நின்றால் நிற்கட்டும், வேறு இடம் பார்க்கலாம். ஆனால் யார்கூட வரும் என்று ஒரு ஆள் கேட்டுவிட்டுப் போனால், அந்தக் கேள்வி ஊரிலேயே தங்கிவிடும். என் பெண் கொட்டாய் வாசலை மிதித்தவள் இல்லை. அவள் பாடினது என் பாட்டு. அதற்குள் இருந்த தவிப்பு எல்லாம் என்னுடையது. பழி மட்டும் அவளுக்கு.

மறுநாள் காலை உத்திரமேரூர் பஸ் ஏறினேன். தட்டு மாற்றுவதற்கு முன்னால் பெண்ணைப் பெற்றவள் மாப்பிள்ளை வீட்டுக்குப் போவது எங்களில் கிடையவே கிடையாது. போனால் பெண்ணைத் தள்ளிவிட அலைகிறாள் என்பார்கள். என் வீட்டுக்காரரை வர வேண்டாம் என்றேன், வந்தார். உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டில் இறங்கினதும் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்.

"நானு வந்தா ஆம்பளைப் பேச்சு ஆயிடும். நீ போய் உன் வாயால சொல்லிட்டு வா."

"நானு இன்னா சொல்லப் போறேன்னு உனுக்குத் தெரியுமா?"

"பத்து வருசமா ஆறு மணிக்கு நீ வாசலுக்கும் கொல்லைக்கும் நடக்கறியே, அதெ பாத்துக்கினுதானே கீறேன்" என்றார். டீ வந்தது, வாங்கிக்கொண்டார். எனக்கு அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

திருப்புலிவனத்துக்கு நடந்தே போனேன். அந்த அம்மா வாசலில் முறத்தை வைத்துக்கொண்டு வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் கை நின்றது. நான் படலுக்கு வெளியிலேயே நின்றுகொண்டேன். உள்ளே கால் வைக்கவில்லை.

"இன்னாக்கா, வெயில்ல? உள்ள வாங்க."

"உள்ள வர மாட்டேன். வந்த வழக்கம் இல்ல. ஒண்ணு சொல்லிட்டுப் போறேன். என் பொண்ணு கொட்டாய்க்குப் போனவ இல்ல. அந்தப் பாட்டு கொட்டாயில போடறதுதான். ஆறு மணியானா என் வூட்டுக்குக் கேக்கும். கேட்டது நானு. சொல்லு கட்டனது நானு. சாமிப் பாட்டுன்னு அவளுக்குச் சொல்லிக் குடுத்ததும் நானு."

"அப்ப உங்களுக்கும் தெரியாமதானே..."

இதோ, வழி விட்டுவிட்டார். ஆமாம் என்று தலையாட்டினால் போதும், மானத்தோடு திரும்பலாம். தெரியாமல் ஏமாந்த கிராமத்துப் பொம்பளை, அவ்வளவுதானே. ஆனால் அந்தப் பொய்யைப் பெண்ணிடம் ஏற்கெனவே சொல்லியாயிற்று, அது பத்து நாளாக என்னை எங்கேயும் உட்கார விடவில்லை.

"தெரியும்" என்றேன். "மொதல்லயே தெரியும். காதல் பாட்டுன்னு தெரிஞ்சிதான் அம்மனுக்குப் போட்டேன்."

அவர் எழுந்து படலுக்கு அருகே வந்தார். கோபமா என்று தெரியவில்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டார்.

"அப்ப வெளக்கு முன்னால கண்ணை மூடிக்கினு இன்னாத்த நெனைச்சிப் பாடினீங்க?"

"வரணும்னு நெனைச்சேன். யாரு வரணும், இன்னா வரணும், அது தெரியல. இன்னிக்கும் தெரியல."

வேர்க்கடலைத் தோல் அவர் புடவையில் ஒட்டிக்கொண்டிருந்தது. அதை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டார். அதற்குள் பேச்சுச் சத்தம் கேட்டு உள்ளேயிருந்து பட்டாளத்துச் சித்தப்பா வந்துவிட்டார். அன்றைக்கு வாயை விட்டதற்கு வீட்டில் நன்றாக வாங்கியிருப்பார் போல, என்னைப் பார்த்ததும் கையெடுத்துக் கும்பிட்டார்.

"என்னாலதாங்க எல்லாம். ஆனா ஒண்ணுங்க, நீங்க போட்ட சொல்லுக்கும் இந்தியில கீறதுக்கும் பெரிய வித்தியாசம் இல்லீங்க. அதுல அந்தப் பொண்ணு இன்னா சொல்லுதுன்னா..."

"சொல்லாதீங்க" என்றேன். நான் போட்ட சத்தத்தில் கொல்லையில் கட்டியிருந்த கன்று திரும்பிப் பார்த்தது. "அதெ மட்டும் எனுக்குச் சொல்லாதீங்க."

அந்த அம்மா அவரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், திடீரென்று சிரித்துவிட்டார். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"வூட்டுல அந்தப் பாட்டை ராகம் போட்டுக்கினுதான் நானும் மாவு அரைக்கிறேன். எம் புருசன் காதுல வுழாம." பிறகு குரல் மாறியது. "அவருகிட்ட நானு பேசிக்கறேன். பொண்ணு பேரைச் சொல்லி விசாரிக்க ஆள அனுப்பனாரே, அதுக்கும் சேத்துக் கேக்கறேன். இப்பவாச்சும் உள்ள வாங்க, தண்ணி குடிச்சிட்டுப் போங்க."

"தட்டு மாத்தினப்புறம் வரேன்."

"அப்ப இந்த மாசத்துலயே மாத்திடலாம்" என்றார் அவர்.

திரும்பி வரும்போது உத்திரமேரூரில் ஒரு பஸ் தவறிவிட்டது. அடுத்ததில் வந்து இறங்கும்போது சாயந்திரம். ஸ்டாப்பிலிருந்து வீட்டுக்குப் போகிற வழி கொட்டாயை ஒட்டித்தான். பிள்ளையார் பாட்டு முடிந்து அது ஆரம்பித்தது. அவ்வளவு கிட்டத்தில் நான் அதைக் கேட்டதே இல்லை. கிட்டத்தில் கேட்டால் கொரகொரவென்று இருந்தது, ஊசி கீறுகிறது, ஒரு இடத்தில் தடுக்கி ஒரே சுரம் இரண்டு தரம் வந்தது. வயலைத் தாண்டி வரும்போது அதெல்லாம் எங்கேயோ கொட்டிப்போய்விடும் போலிருக்கிறது. ஆனாலும் கால் நின்றுவிட்டது.

"போலாமா? டிக்கெட் எடுக்கட்டா?" என்றார் என் வீட்டுக்காரர்.

மணல் தரை தெரிந்தது. பெண்கள் பக்கத்தில் நாலைந்து பேர் உட்கார்ந்துகொண்டிருந்தார்கள். ஒருத்தி என்னைப் பார்த்துத் தள்ளி உட்கார்ந்து இடம் விட்டாள்.

"வாணாம்" என்றேன். "மாடு கறக்கணும்."

வீட்டில் என் பெண் மாட்டைக் கறந்துவிட்டுச் செம்போடு நின்றுகொண்டிருந்தாள். எதுவும் கேட்கவில்லை. பதினொரு நாளாக அவள் என்னிடம் எதுவும் கேட்டதில்லை.

"தட்டு மாத்த வராங்க" என்றேன். அவள் தலையை ஆட்டினாள். நான் அங்கேயே நின்றேன். இன்னும் சொல்ல வேண்டியது இருந்தது. "அன்னிக்கு நீ கேட்டியே. தெரியும்டி. எனுக்குத் தெரியும்."

செம்பைத் திட்டில் வைத்தாள். வயலுக்கு அந்தப் பக்கம் மணி அடித்தது.

"அப்ப வெள்ளிக்கிழமை இன்னா பாடறது?" என்று கேட்டாள்.

"அதையேதான்."

அவள் பரணில் ஏறி நோட்டை எடுத்தாள். அந்த வெள்ளிக்கிழமை விளக்கு பூஜைக்கு வந்த அத்தனை பெண்களுக்கும் விஷயம் தெரிந்திருந்தது. மைக்செட்காரர் வாய் சும்மா இருக்குமா? ஒருத்தரும் மாற்றிப் பாடலாம் என்று சொல்லவில்லை. என் பெண் எடுத்துக் கொடுத்தாள். வழக்கமாக வாய்க்குள் முனகுகிற கிழவிகள்கூட அன்றைக்குத் தொண்டை திறந்து வாங்கினார்கள். எனக்குத்தான் விளக்கில் திரி பற்றி நிற்கவில்லை, மூன்று தீக்குச்சி கிழித்தேன்.